எரிந்த ஏடுகள், எஞ்சிய கற்கள்: மாயா நாட்டில் ஒரு நாள்

1517-ஆம் ஆண்டில் கியூபாவிலிருந்து புறப்பட்ட மூன்று ஸ்பானியக் கப்பல்கள், இன்றைய மெக்சிகோவின் யுக்கத்தான் தீபகற்பத்தை அடைந்தன. கடலில் இருந்தபடியே, கரைக்கு உள்ளே தள்ளி ஒரு பெரிய ஊர் இருப்பதை மாலுமிகள் கண்டனர். கரீபியன் தீவுகளில் அத்தகைய ஊரை அவர்கள் அதுவரை பார்த்ததில்லை. அவ்வூருக்கு அவர்கள் இட்ட பெயர் ‘எல் கிரான் கைரோ’, அதாவது பெரும் கெய்ரோ. இரண்டாண்டுகள் கழித்து மெக்சிகோவில் இறங்கிய எர்னான் கோர்த்தேஸ், தம் மன்னருக்கு எழுதிய கடிதங்களில் அந்நாட்டுக் கோயில்களைப் பள்ளிவாசலைக் குறிக்கும் ‘மெஸ்கித்தா’ என்ற சொல்லாலேயே பலமுறை சுட்டினார்.

இந்தப் பெயர்கள் தற்செயலாக அமைந்தவை அல்ல. ஸ்பெயினின் கடைசி முஸ்லிம் அரசான கிரனடா 1492 ஜனவரியில் வீழ்ந்தது. கொலம்பஸ் கடலைக் கடந்ததும் அதே ஆண்டில்தான். அந்தலூசியாவின் நினைவு மாறாத ஒரு தலைமுறையே அமெரிக்கக் கண்டத்தில் கால் வைத்தது. அயலானதும் பெரியதுமான ஒன்றைக் கண்டால் அதை அளக்க அவர்கள் கையில் இருந்த அளவுகோல் முஸ்லிம் உலகம் ஒன்றே. கிரனடாவில் கையாண்ட முறைகளையும் அவர்கள் உடன்கொண்டு சென்றனர். மாயா மக்களின் இடிந்த நகரங்களைப் பார்க்கச் செல்வோர் இதை மனத்தில் இருத்திக்கொண்டால், அங்குள்ள கற்கள் வேறு விதமாகப் பேசும்.

மெரிடாவிலிருந்து புறப்பாடு

யுக்கத்தானுக்குச் செல்லும் பயணிகளில் பெரும்பாலோர் கான்கூன் கடற்கரையில் தங்கி, ஏறத்தாழ 200 கிலோமீட்டர் பேருந்தில் வந்து சிச்சேன் இட்சாவைப் பார்த்துத் திரும்புகின்றனர். வரலாற்றை நாடிச் செல்லும் குடும்பத்திற்கு மெரிடா நகரமே ஏற்ற தங்குமிடம். அங்கிருந்து சிச்சேன் இட்சா சுமார் 120 கிலோமீட்டர். விடியற்காலையில் தனி வாகனத்தில் கிளம்பினால், வாயில் திறக்கும் எட்டு மணிக்கு அங்கே நிற்கலாம். பேருந்துக் கூட்டம் வருமுன், வெயில் ஏறுமுன், இரண்டு மூன்று மணி நேரம் அமைதியாகச் சுற்றிவர முடியும்.

மெரிடாவே நம் முதல் பாடம். 1542-இல் ஸ்பானியர் இந்நகரை நிறுவியபோது இங்கே ‘தோ’ என்னும் மாயா நகரம் இருந்தது. அதன் கல் கட்டடங்கள் ஸ்பெயினிலுள்ள மெரிடாவின் ரோமானிய இடிபாடுகளை நினைவூட்டியதால் அப்பெயரையே வைத்தனர். அந்தப் பழைய மெரிடா 713 முதல் 1230 வரை முஸ்லிம் ஆட்சியில் இருந்த ஊர். அங்கே இரண்டாம் அப்துர் ரஹ்மான் 835-இல் எழுப்பிய கோட்டை இன்றும் ஆற்றங்கரையில் நிற்கிறது. புதிய மெரிடாவில் பிடுங்கப்பட்ட மாயா கோயில்களின் கற்கள், 1598-இல் கட்டி முடிக்கப்பட்ட பேராலயத்தின் சுவர்களில் சென்று சேர்ந்தன.

தனி வழிகாட்டி ஒருவரை அமர்த்திக்கொள்வது வீண் செலவன்று. மெக்சிகோ அரசின் உரிமம் பெற்ற வழிகாட்டிகள் இங்கு உள்ளனர். அவர்களிலும் மாயா மொழியைத் தாய்மொழியாகக் கொண்டவர் கிடைத்தால் மிக நன்று. ஏன் என்பது போகப்போகத் தெரியும்.

கிணற்றின் வாய்

‘சிச்சேன்’ என்பது மாயா சொல். ‘சி’ என்றால் வாய். ‘சேன்’ என்றால் கிணறு. இட்சா என்னும் குலத்தாரின் கிணற்றடி என்பதே ஊரின் பெயர். வடக்கு யுக்கத்தானில் தரைமேல் ஓடும் ஆறுகள் இல்லை. சுண்ணாம்புப் பாறையில் விழும் மழை உள்ளிறங்கி நிலத்தடியில் ஓடும். பாறைக்கூரை இடிந்து விழுந்த இடங்களில் அந்நீர் வட்டக் கிணறுபோல் வெளிப்படும். இவற்றைச் ‘செனோத்தே’ என்பர். ஊர்கள் இவற்றைச் சுற்றியே வளர்ந்தன. சிச்சேன் இட்சாவின் பெரிய செனோத்தே சுமார் 60 மீட்டர் அகலமுடையது. அங்கே பொன்னும் பச்சைக்கல்லும் மனித உயிர்களும் பலியாக இடப்பட்டன. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்கரான எட்வர்ட் தாம்சன் அடிச்சேற்றை வாரி எடுத்த பொருள்களில் பெரும்பகுதி ஹார்வர்டு பல்கலைக்கழகத்தின் அருங்காட்சியகத்தைச் சென்றடைந்தது.

நகரின் நடுவே நிற்பது ஸ்பானியர் ‘காஸ்தில்லோ’ என்றழைத்த குக்குல்கான் பிரமிடு. உச்சியிலுள்ள கோயிலுடன் அதன் உயரம் சுமார் 30 மீட்டர். நான்கு பக்கமும் படிவரிசைகள். பக்கத்திற்கு 91 படிகளாக 364, மேல்தளத்தையும் சேர்த்தால் 365. ஒன்பது அடுக்குகளையும் படிவரிசை இரண்டாகப் பிரிப்பதால் ஒவ்வொரு முகத்திலும் 18 பகுதிகள் தெரியும். மாயா ஆண்டு இருபது நாள் கொண்ட 18 மாதங்களும் ஐந்து நாள்களும் உடையது. ஆக, இது கல்லில் எழுப்பிய நாள்காட்டி. இதன்மேல் ஏற இப்போது அனுமதியில்லை. ஆனால் படிகளுக்கு எதிரே நின்று கைதட்டினால், பறவை கீச்சிடுவது போன்ற எதிரொலி எழும். பிள்ளைகள் அதைவிட்டு எளிதில் நகரமாட்டார்கள்.

இக்கணக்குக்கு அடிப்படையாக மாயா மக்களிடம் சுழியம் இருந்தது. கிளிஞ்சல் வடிவில் அதை எழுதினர். ஸ்பானியர் சுழியத்தை இந்தியாவிலிருந்து அரபுகள் வழியாகப் பெற்றிருந்தனர். அவர்கள் மொழியின் ‘செரோ’ என்ற சொல் அரபியின் ‘ஸிஃப்ர்’ என்பதன் வழித்தோன்றல். கடலுக்கு அப்பால் எவரிடமும் கற்காமல் அதே கருத்தை எட்டியிருந்த மக்களைத்தான் அவர்கள் அறிவற்றோர் என எண்ணினர்.

கூட்டம் காஸ்தில்லோவையும், 168 மீட்டர் நீளமுள்ள பந்தாட்டக் களத்தையும் பார்த்துத் திரும்பிவிடும். தெற்கே இன்னும் சற்று நடக்கும்படி வழிகாட்டியைக் கேளுங்கள். அங்கே, வெள்ளி கோளின் போக்கைக் கவனிக்க உதவியதாகக் கருதப்படும் வட்டக் கோபுரமும், ‘அக்காப் த்சிப்’ என்னும் தாழ்ந்த கட்டடமும் உள்ளன. அப்பெயருக்கு ‘இருண்ட எழுத்து’ என்று பொருள். அதன் உட்கதவின் மேற்கல்லில் மாயா எழுத்துகள் செதுக்கப்பட்டிருக்கின்றன. ஊர்மக்களே தம் முன்னோரின் எழுத்தை ‘இருண்டது’ என்று அழைக்கும் நிலை எப்படி வந்தது? அதற்கான விடை, மெரிடாவுக்குத் திரும்பும் வழியிலுள்ள இசாமல் என்னும் சிற்றூரில் தொடங்குகிறது.

1562, மானி

இசாமலில் மஞ்சள் வண்ணம் பூசிய பெரியதொரு மடாலயம் உள்ளது. இடிக்கப்பட்ட மாயா பிரமிடு ஒன்றின் மேடைமீதே அதை எழுப்பினர். சற்றுத் தொலைவில், யுக்கத்தானின் மிகப்பெரிய பிரமிடுகளில் ஒன்றான கினிச் காக்மோ இன்னும் நிற்கிறது. மடாலயத்தின் அருகே ஒரு துறவியின் சிலை காணப்படும். அவர் பெயர் தியேகோ தெ லாந்தா. 1549-இல் யுக்கத்தானுக்கு வந்த பிரான்சிஸ்கன் சபைத் துறவி.

மதம் மாறிய மாயா மக்கள் மறைவில் பழைய வழிபாட்டைத் தொடர்கின்றனர் என்ற செய்தி 1562-இல் எழுந்தது. லாந்தா விசாரணையைத் தொடங்கினார். சில மாதங்களில் நாலாயிரத்திற்கும் மேற்பட்டோர் சித்திரவதைக்கு உள்ளாயினர். 158 பேர் அதனால் மாண்டனர். அவ்வாண்டு ஜூலை 12 அன்று மெரிடாவுக்குத் தெற்கேயுள்ள மானி என்னும் ஊரில், சிலைகளோடு மாயா ஏடுகளையும் குவித்துத் தீயிட்டனர். அவற்றில் சாத்தானின் பொய்களைத் தவிர வேறொன்றுமில்லை எனக் கருதியதால் எரித்ததாகவும், அம்மக்கள் அதற்காகப் பெரிதும் துயருற்றதாகவும் லாந்தாவே பின்னர் எழுதிவைத்தார்.

இந்தத் தீயின் முதல் பொறி கிரனடாவில் விழுந்தது. முஸ்லிம்கள் தம் மார்க்கத்தைத் தடையின்றிப் பின்பற்றலாம் என்ற உடன்படிக்கையின் பேரிலேயே 1492-இல் அந்நகரம் ஒப்படைக்கப்பட்டது. 1499-இல் அங்கு வந்த பேராயர் சிஸ்னெரோஸ் கட்டாய மதமாற்றத்தில் இறங்கினார். அதையொட்டிய காலத்தில் பிப்-ரம்பலா சதுக்கத்தில் அரபு நூல்கள் எரிக்கப்பட்டன. மருத்துவ நூல்கள் மட்டும் விலக்கி வைக்கப்பட்டன. சிஸ்னெரோஸும் பிரான்சிஸ்கன் சபையினரே. அவர் துறவு பூண்ட டொலேடோ நகரின் சான் ஹுவான் தெ லோஸ் ரேயஸ் மடத்திலேயே, 1541-இல், லாந்தாவும் துறவு பூண்டார். இரு தீக்கும் இடையே சுமார் அறுபதாண்டுகள். நடுவே ஒரு பெருங்கடல். ஒரு மக்களின் நம்பிக்கையை அழிக்க வேண்டுமானால் அவர்களின் எழுத்தை அழிக்க வேண்டும் என்ற எண்ணம் மட்டும் மாறவில்லை.

ஆனால் எழுத்தை அடியோடு அழிப்பது எளிதாக இல்லை. மாயா ஏடுகளில் நான்கு மட்டுமே இன்று உலகில் எஞ்சியுள்ளன. ஒன்று டிரெஸ்டனிலும், ஒன்று மாட்ரிடிலும், ஒன்று பாரிஸிலும், ஒன்று மெக்சிகோவிலும் உள்ளது. டிரெஸ்டன் ஏட்டில் வெள்ளி கோளின் 584 நாள் சுற்றுக்கும் கிரகணங்களுக்கும் அட்டவணைகள் இருக்கின்றன. சாத்தானின் பொய்கள் எனப்பட்டவற்றுள் வானியலும் அடங்கியிருந்தது.

எரித்தவர் விட்டுச்சென்ற திறவுகோல்

அதிகார வரம்பை மீறினார் என்ற குற்றச்சாட்டில் லாந்தா ஸ்பெயினுக்கு அழைக்கப்பட்டார். அக்காலத்தில், 1566-ஐ ஒட்டி, யுக்கத்தானைப் பற்றி ஒரு நூல் எழுதினார். பின்னர் குற்றமற்றவர் எனத் தீர்ப்புப் பெற்று, ஆயராகவே மெரிடாவுக்குத் திரும்பி, 1579-இல் இறந்தார். அவர் நூலின் ஒரு படி, மாட்ரிட் நூலகம் ஒன்றில் 1862-இல் கண்டெடுக்கப்பட்டது. அதில் மாயா ‘எழுத்துகள்’ எனச் சில குறிகளும், அவற்றுக்கு நேரே ஸ்பானிய எழுத்துகளும் தரப்பட்டிருந்தன.

அறிஞர்கள் அந்தப் பட்டியலைக் கொண்டு படிக்க முயன்று தோற்றனர். 1952-இல் லெனின்கிராடைச் சேர்ந்த யூரி கினோரோசொவ் அதன் மர்மத்தை விளக்கினார். லாந்தா ஸ்பானிய எழுத்தின் பெயரைச் சொல்ல, எதிரே இருந்த மாயா எழுத்தர் அந்த ஒலிக்குரிய குறியை எழுதியிருக்கிறார். லாந்தா மெய்யெழுத்தைக் கேட்டார். எழுத்தர் உயிர்மெய்யைக் கொடுத்தார். ‘க’, ‘கா’, ‘கி’ என்று படித்து வளர்ந்த தமிழருக்கு இது உடனே விளங்கும். அகரவரிசை ஒன்றையே அறிந்திருந்த ஐரோப்பியருக்கு மேலும் தொண்ணூறு ஆண்டுகள் பிடித்தன. அதன்பின் கல்வெட்டுகள் ஒவ்வொன்றாகப் பேசத் தொடங்கின. அவற்றில் அரசர்களின் பிறப்பும் முடிசூட்டும் போர்களும் பதிவாகியுள்ளன என்று 1960-இல் தாத்தியானா புரோஸ்கூரியகோவ் காட்டினார்.

வழிகாட்டியிடம் கேட்கத் தக்கது

‘மாயா மக்கள் எங்கே மறைந்தார்கள்?’ என்பதே பயணிகள் வழக்கமாகக் கேட்கும் கேள்வி. ஒன்பதாம் நூற்றாண்டில் தெற்கேயுள்ள நகரங்கள் பல, வறட்சியாலும் போர்களாலும் கைவிடப்பட்டது உண்மை. ஆனால் சிச்சேன் இட்சா அதன் பின்னும் செழித்தது. ஏரித்தீவில் அமைந்த நோஹ்பெத்தேன் என்னும் கடைசி மாயா அரசு 1697 வரை ஸ்பானியருக்குப் பணியவில்லை. இன்று மெக்சிகோவிலும் குவாத்தமாலாவிலும் அண்டை நாடுகளிலும் பல இலட்சம் பேர் சுமார் முப்பது மாயா மொழிகளைப் பேசுகின்றனர். அக்கேள்வியை, மாயா தாய்க்குப் பிறந்த வழிகாட்டியிடமே கேட்டுவிடுவோர் உண்டு.

அதற்கு மாறாக, ‘இதை உங்கள் மொழியில் எப்படிச் சொல்வீர்கள்?’ என்று கேட்டுப் பாருங்கள். கிணற்றுக்கும் மழைக்கும் சோளத்திற்கும் அவர் சொல்லும் பெயர்கள், கல்வெட்டில் உள்ள சொற்களின் உறவினர்கள். கினோரோசொவ் கண்ட வழி பயன் தந்ததும் அம்மொழிகள் வீடுகளில் உயிரோடு இருந்ததனால்தான். உணவு வேளையில் இன்னொன்றையும் அவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். யுக்கத்தானின் புகழ்பெற்ற ‘கொச்சினீத்தா பிபில்’ பன்றி இறைச்சி. பயறு வகைகளும் அதன் கொழுப்பில் சமைக்கப்படுவதுண்டு. பன்றி ஸ்பானியரோடு வந்தது. அதற்குமுன் ‘பிப்’ என்னும் மண்ணடுப்பில் வெந்தவை வான்கோழியும் மான் இறைச்சியும். சோள அடைக்குள் முட்டையும் பூசணி விதைச் சாறும் சேர்த்த ‘பாப்பத்சுலேஸ்’ நமக்கு உகந்தது. எந்தக் கொழுப்பில் செய்கிறார்கள் என்று மட்டும் விசாரித்துக்கொள்ள வேண்டும்.

இன்று யுக்கத்தானில் மாயா இளைஞர்கள் சிலர் தம் முன்னோரின் எழுத்தை மீண்டும் கற்றுவருகின்றனர். ‘இருண்ட எழுத்து’ என்று பெயரெடுத்த கதவின் முன் நிற்கும்போது, அதிலுள்ள ஒரு சொல்லையேனும் வாசித்துக் காட்டுமாறு வழிகாட்டியை வேண்டுங்கள். அவரால் இயன்றால், மானியில் எரிந்ததில் ஒரு துளி மீண்டதை உங்கள் பிள்ளைகள் காதால் கேட்பார்கள். அவரால் இயலாவிட்டால், ஏன் இயலவில்லை என்பதை வீடு திரும்பும் வழியில் அவர்களுக்கு நீங்கள் சொல்லலாம்.