அவசரகாலம் என்ற பெயரில் ஒரு போர்

மலாயாவில் 1948 முதல் 1960 வரை பிரித்தானிய ஆட்சிக்கும் மலாயா கம்யூனிஸ்ட் கட்சிக்கும் இடையே நடந்த ஆயுத மோதலுக்கு அரசு இட்ட பெயர் 'அவசரகாலம்'. பன்னிரண்டு ஆண்டுகள் நீண்ட, காடுகளின்மீது விமானங்கள் குண்டுவீசிய ஒன்றைப் போர் என்று அழைக்க ஏன் மறுத்தார்கள்? பரவலாகச் சொல்லப்படும் காரணம் வணிகம் சார்ந்தது. போர் என்றால் ரப்பர்த் தோட்டங்களுக்கும் ஈயச் சுரங்கங்களுக்கும் நேரும் சேதத்துக்கு இலண்டன் காப்புறுதி நிறுவனங்கள் ஈடு தரமாட்டா.

ஆனால் அச்சொல்லின் வேலை காப்புறுதிப் பத்திரத்தோடு முடிந்துவிடவில்லை. போர் இல்லையென்றால் எதிரில் நிற்பவன் போர்வீரனும் இல்லை. முதலில் அவன் 'கொள்ளைக்காரன்' எனப்பட்டான். ஜப்பானிய ஆக்கிரமிப்பின்போது பிரித்தானியரோடு சேர்ந்து போரிட்ட கெரில்லாக்கள் பலரும் இப்பெயருக்குள் அடங்கினர். 1952இல் அது கைவிடப்பட்டு, 'கம்யூனிஸ்ட் பயங்கரவாதி' என்பது அதிகாரபூர்வச் சொல்லாயிற்று. காட்டிலிருந்தவர்கள் மாறவில்லை, உள்ளூர்க் குற்றமாகக் காட்டப்பட்டது பனிப்போரின் ஒரு களமாகத் தோற்றம் கொண்டது. முள்வேலிக்குள் குடியமர்த்தப்பட்ட ஏறத்தாழ 5 இலட்சம் மக்களின், பெரும்பாலும் சீனர்களின், குடியிருப்புகளுக்கோ 'புதுக்கிராமங்கள்' என்று பெயர்.

1948 டிசம்பர் 12 அன்று பத்தாங் காலியில் ஆயுதமற்ற 24 பேரை ஸ்காட்ஸ் கார்ட்ஸ் படையினர் சுட்டுக்கொன்றனர். 'தப்பியோட முயன்றபோது சுடப்பட்டனர்' என்றது அரசு. கொள்ளைக்காரர்களைப் பற்றிய செய்தியாக வந்ததை நம்புவதற்கு அன்றைய வாசகனுக்குத் தடை எதுவும் இருந்திருக்காது. பொது விசாரணை கோரிய உறவினர்களின் மனுவைப் பிரித்தானிய உச்ச நீதிமன்றம் 2015இல் ஏற்க மறுத்தது.

தமிழரும் இச்சொற்களுக்கு வெளியே இருக்கவில்லை. அகில மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனத்தின் தலைவராக இருந்த எஸ்.ஏ. கணபதி, ஆயுதம் வைத்திருந்த குற்றத்துக்காக 1949 மே 4 அன்று தூக்கிலிடப்பட்டார். அவசரகாலச் சட்டம் அதற்கு மரண தண்டனை விதித்திருந்தது. தோட்டத் தொழிலாளரின் கூலிக் கோரிக்கைகளுக்கு அந்தத் தீர்ப்பின் மொழியில் இடமில்லை.

மறுதரப்பின் அகராதியும் தூயதன்று. தமது போரை 'தேசிய விடுதலைப் போர்' என்றழைத்த கெரில்லாக்கள், அரசுக்கு உதவியோரை 'ஏவல்நாய்கள்' என்றனர். அச்சொல் ஒருவன்மீது விழுந்தபின் அவனைக் கொல்லத் தனியாக நியாயம் தேவைப்படவில்லை.

மலேசியா இன்றும் அக்காலத்தை 'டாருராட்', அதாவது அவசரகாலம், என்றே குறிக்கிறது. பேரரசு போனபின்னும் அதன் சொல் நிலைத்திருக்கிறது. அச்சொல்லை அப்படியே ஏற்று வரலாற்றைப் படிப்பவர், பத்தாங் காலியின் 24 பேரை எந்தச் சொல்லால் குறிப்பது என்று கேட்கத் தவறிவிடுகிறார்.