கச்சு சொல்லும் வரலாறு

என் வகுப்பு மாணவி ஒருத்தி சீருடைக்குள் முதுகுக் கச்சு அணிந்து வந்தாள். முதுகெலும்பு வளைவுக்காக மருத்துவர் அணியச் சொன்னது. சக மாணவர் சிலர் நகைத்தனர். பாடத்தை நிறுத்திவிட்டு, 'கார்செட்' எனும் இடைக்கச்சின் வரலாற்றைச் சொன்னேன்.

16-ஆம் நூற்றாண்டிலேயே பிரெஞ்சு அறுவை மருத்துவர் அம்புருவாஸ் பாரே, கோணிய முதுகுக்கு இரும்புக் கச்சைப் பரிந்துரைத்தார். ஐரோப்பியச் சீமாட்டிகளோ திமிங்கிலத்தின் வாய்த்தகடுகளை வைத்துத் தைத்த கச்சுகளை அணிந்தனர். நிமிர்ந்த உடல் உயர்குடியின் அடையாளமாயிற்று. உடல் நேராக வளரும் என்று நம்பிச் சிறு பிள்ளைகளுக்கும் அணிவித்தனர். 1762-இல் வெளிவந்த 'எமில்' நூலில் ரூசோ இவ்வழக்கத்தைச் சாடினார்.

ஆயினும் 19-ஆம் நூற்றாண்டில், கயிறு கோக்கும் துளைகளுக்கு உலோக வளையங்கள் வந்தன. துணி கிழியாததால் இன்னும் வலுவாக இறுக்க முடிந்தது. சிற்றிடையே நோக்கமாயிற்று, மூச்சுக்குத்தான் இடமில்லை. முதல் உலகப் போரில் (1914–1918) பெண்கள் பலர் தொழிற்சாலைகளில் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் அவ்விறுக்கம் தளர்ந்தது.

மருத்துவக் கச்சு மட்டும் நிலைத்தது. வளரும் பிள்ளையின் முதுகு மேலும் வளையாமல் காக்கிறது. இதைக் கேட்டபின் வகுப்பில் நகைப்பு எழவில்லை.

பெற்றோர்களே, பிள்ளை குனியும்போது முதுகின் ஒருபக்கம் மேடாகத் தெரிந்தால் மருத்துவரிடம் காட்டுங்கள். ஆசிரியர்களே, கச்சணிந்த பிள்ளையைக் கூச விடாதீர்கள்.