ஓலாவ்: முன்னோர் விட்டுச்சென்ற பெயர்

சில மாதங்களுக்கு முன்னர் யாழ்ப்பாணத்திலிருந்து பழைய நண்பர் ஒருவர் தொலைபேசியில் அழைத்தார். நோர்வேயில் வாழும் அவருடைய மகளுக்கு ஆண் குழந்தை பிறந்திருந்தது. வாழ்த்துச் சொன்னேன். ஆனால் அவருடைய குரலில் மகிழ்ச்சியை விட மனத்தாங்கலே மேலோங்கியிருந்தது. குழந்தைக்கு 'ஓலாவ்' என்று பெயர் வைத்துவிட்டார்களாம்.

"எங்கட பரம்பரையில ஒருதரும் கேள்விப்படாத பெயர். என்ன கருத்து எண்டாவது பார்த்துச் சொல்லு மச்சான். நீ பேப்பர்க்காரன்தானே" என்றார்.

அவருடைய வருத்தத்தின் காரணத்தை நான் அறிவேன். 1995 ஒக்டோபர் இறுதியில் வலிகாமம் மக்கள் ஒட்டுமொத்தமாக இடம்பெயர்ந்தபோது, அவருடைய தந்தையாரும் தென்மராட்சிக்கு நடந்து சென்றார். திரும்பி வரவில்லை. சாவகச்சேரியில் பாடசாலைக் கட்டடம் ஒன்றிலேயே காலமானார். பின்னர் ஊருக்குத் திரும்பியபோது வீடு இருக்கவில்லை. ஒரு புகைப்படம்கூட மிஞ்சவில்லை. எஞ்சியிருந்தது பெயர் ஒன்றுதான். ஆண் பிள்ளை இல்லாத நண்பர், மகளுக்குப் பிறக்கும் முதல் ஆண் குழந்தைக்கு அந்தப் பெயரை வைக்கவேண்டுமென்று பல ஆண்டுகளாகக் காத்திருந்தார். மகளோ, பள்ளிக்கூடத்தில் தன் பிள்ளையின் பெயரை எவரும் உடைத்து உச்சரிக்கக் கூடாது என்று எண்ணியிருக்கிறாள். தன் பெயர் பட்ட பாடு அவளுக்குத்தானே தெரியும்.

நண்பரின் கேள்வி எனக்குச் சிறிது வெட்கத்தையும் தந்தது. 2002 பெப்ரவரி 22ஆம் திகதி நோர்வேயின் அனுசரணையுடன் போர்நிறுத்த உடன்படிக்கை கைச்சாத்திடப்பட்ட காலத்தில், செய்தி மேசையில் நாம் நாள்தோறும் நோர்வேஜியப் பெயர்களோடு மல்லுக்கட்டினோம். எரிக் சொல்ஹெய்ம், விதார் ஹெல்கிசன், கண்காணிப்புக் குழுத் தலைவர் ட்ரொண்ட் புருஹொவ்டே என்று எழுதினோம். ஒரு பத்திரிகையில் ஒருவிதமாகவும் இன்னொன்றில் வேறுவிதமாகவும் அப்பெயர்கள் அச்சாகின. எப்படி எழுதுவது என்று விவாதித்த நாம், அவற்றின் பொருள் என்ன என்று ஒருநாளும் கேட்டதில்லை. அந்தக் கடனைத் தீர்க்கும் முயற்சியாகவே இக்கட்டுரையைக் கொள்ளலாம்.

ஓலாவ் என்பது ஸ்கண்டிநேவிய நாடுகளின் மிகத் தொன்மையான ஆண் பெயர்களுள் ஒன்று. நோர்வேயில் அது 'ஊலாவ்' என்பதற்கு நெருக்கமாக ஒலிக்கும். அதன் ஆதி வடிவத்தை மொழியியலாளர்கள் 'அனுலைபஸ்' என மீட்டெடுத்துள்ளனர். 'அனு' என்றால் மூதாதையர். 'லைபஸ்' என்றால் விட்டுச்செல்லப்பட்டது, எஞ்சியது, வழித்தோன்றல் என்று பொருள்படும். எனவே 'முன்னோர் விட்டுச்சென்றது' அல்லது 'முன்னோரின் எச்சம்' என்பதே இப்பெயரின் பொருளாகும். தமிழிலும் 'எச்சம்' என்ற சொல் மீதியையும் மக்கட்பேற்றையும் ஒருங்கே குறிப்பது இங்கு நினைவுகூரத்தக்கது. கொலம்பஸுக்கு ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே வட அமெரிக்கக் கரையை அடைந்த லெய்வ் எரிக்சனின் முதற்பெயரும் இதே 'லைபஸ்' வேரிலிருந்து பிறந்ததுதான்.

காலப்போக்கில் நடுவிலிருந்த 'ன்' ஒலி வடமொழிகளில் தேய்ந்து மறைந்தது. ஆனால் அது மறைவதற்கு முன்னரே இப்பெயர் கடல் கடந்துவிட்டது. 10ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் யோர்க் நகரை ஆண்ட வைக்கிங் மன்னர் ஒருவரின் நாணயங்களில் 'அன்லாவ்' என்றே பொறிக்கப்பட்டிருக்கிறது. பிறந்த மண்ணில் தொலைந்துபோன எழுத்தை அந்நிய மண் காப்பாற்றி வைத்திருந்தது. புலம்பெயர்ந்தோரின் பேச்சில் ஊரில் வழக்கொழிந்த சொற்கள் உயிரோடிருப்பதைக் கேட்டவர்களுக்கு இது வியப்பளிக்காது.

அயர்லாந்தில் இப்பெயர் 'அவ்லீவ்' என்பதுபோல் மாறியது. ஸ்கொட்லாந்தின் மேற்குத் தீவுகளில் 'ஓலாவின் மகன்' என்ற பொருளில் மெக்காலே என்ற குடும்பப் பெயர் உருவானது. 1835ஆம் ஆண்டு இந்தியாவின் ஆங்கிலக் கல்விக்கு வழிகோலிய குறிப்பினை எழுதிய மெக்காலே பிரபு அத்தீவுகளின் வழிவந்தவரே. நமது பிராந்தியத்தின் கல்வி வரலாற்றில் இப்பெயர் மாறுவேடத்தில் வந்து போயிருக்கிறது என்பது பலரும் அறியாத செய்தி.

ஆயினும் இப்பெயரை அழியாப் பெயராக்கியவர் நோர்வே மன்னர் ஓலாவ் ஹரல்ட்சன் ஆவார். 1015இல் நாடு திரும்பி ஆட்சியைக் கைப்பற்றிய அவர், நோர்வேயை ஒரே முடியின் கீழும் ஒரே மதத்தின் கீழும் கொண்டுவர முனைந்தார். அவர் சாந்தமே உருவான புனிதர் அல்லர். கிறிஸ்தவத்தை ஏற்க மறுத்தவர்களை வாள்முனையில் பணியவைத்தவர் என்றே பழைய வரலாறுகள் கூறுகின்றன. குறுநிலத் தலைவர்கள் அவரை வெறுத்தனர். டென்மார்க்கையும் இங்கிலாந்தையும் ஆண்ட கனூட் மன்னர் அவர்களுக்குப் பக்கபலமாக நின்றார். 1028இல் நாட்டைவிட்டுத் தப்பியோடி ரஷ்ய நிலத்தில் அடைக்கலம் புகுந்த ஓலாவ், 1030இல் சிறுபடையுடன் திரும்பினார். அவ்வாண்டு ஜூலை 29ஆம் திகதி ஸ்டிக்லெஸ்டாட் என்னுமிடத்தில் தன் சொந்த நாட்டு விவசாயிகளின் கையாலேயே வெட்டுண்டு மடிந்தார்.

தோற்ற மன்னன் ஒருவனின் கதை அங்கேயே முடிந்திருக்க வேண்டும். ஆனால் கனூட் மன்னரின் ஆட்சி மக்களுக்கு மேலும் கொடியதாக அமைந்தது. கொன்றவர்களே கொல்லப்பட்டவரை நினைத்து ஏங்கத் தொடங்கினர். ஓராண்டின் பின் அவருடைய உடல் தோண்டியெடுக்கப்பட்டு அவர் புனிதராக அறிவிக்கப்பட்டார். அவரது கல்லறை மீது இன்றைய ட்ரொண்ட்ஹெய்ம் நகரின் நீடாரொஸ் பேராலயம் எழுந்தது. வட ஐரோப்பா எங்கணுமிருந்து யாத்திரிகர்கள் அங்கு கால்நடையாக வந்தனர். அவர் 'நோர்வேயின் நித்திய அரசர்' எனப்பட்டார். நோர்வேயின் அரச சின்னத்தில் சிங்கம் ஏந்தி நிற்கும் கோடரி அவருடையதே. 1230 அளவில் ஐஸ்லாந்து அறிஞர் ஸ்னோரி ஸ்டுர்லுசன் எழுதிய நோர்வே மன்னர் வரலாற்றில் ஏறத்தாழ மூன்றிலொரு பங்கு இவர் ஒருவருக்கே ஒதுக்கப்பட்டிருக்கிறது.

இலண்டனில் தேம்ஸ் நதியின் தென்கரையிலுள்ள டூலி வீதியின் பெயர், அங்கிருந்த புனித ஓலாவ் தேவாலயத்தின் பெயர் மக்கள் வாயில் சிதைந்து உருவானதே. எஸ்தோனியத் தலைநகர் தாலினில் வானளாவும் கோபுரம் கொண்ட தேவாலயமும் அவர் பெயரிலானது. பின்லாந்தில் 1475இல் கட்டத் தொடங்கிய ஏரிக்கோட்டை ஓலாவின்லின்னா எனப்படுகிறது. பரோ தீவுகளில் ஜூலை 29 இன்றும் தேசியத் திருநாள்.

புனிதரின் பெயர் என்பதால் அது மன்னரிடமிருந்து சாதாரண மக்களிடம் சென்றது. சுவீடனில் ஓலோவ், டென்மார்க்கில் ஓலுவ், ஐஸ்லாந்தில் ஓலாவுர், பின்லாந்தில் ஓலவி என அது பல வடிவம் கொண்டது. 1986 பெப்ரவரி 28ஆம் திகதி ஸ்டொக்ஹோம் வீதியில் சுட்டுக்கொல்லப்பட்ட சுவீடன் பிரதமர் ஓலோவ் பால்மேயின் பெயரும் இதுவே. பேச்சுவழக்கில் 'ஓலே' என்று சுருங்கி, 'ஓலேயின் மகன்' என்னும் பொருளில் ஓல்சன் ஆயிற்று. ஓல்சன் இன்று நோர்வேயில் மிகப் பரவலாகக் காணப்படும் குடும்பப் பெயர்களுள் ஒன்றாகும்.

அரச குடும்பத்தில் மாத்திரம் இப்பெயர் நெடுங்காலம் உறங்கியது. நோர்வே, டென்மார்க் ஆகிய இரு நாடுகளுக்கும் அரசனாயிருந்த நான்காம் ஓலாவ் 1387இல் பதினாறு வயதில் இறந்தார். அதன்பின் நோர்வே நூற்றாண்டுக் கணக்கில் டென்மார்க்கின் நிழலிலும், 1814 முதல் சுவீடனுடனான ஒன்றியத்திலும் வாழ்ந்தது. 1905இல் அந்த ஒன்றியத்தை முறித்துக்கொண்ட நோர்வேஜியர்கள், டென்மார்க் இளவரசர் கார்லை மன்னராகத் தெரிவுசெய்தனர். அவர் ஹொகொன் என்ற பழைய நோர்வேஜியப் பெயரைச் சூடிக்கொண்டார். அவருடைய இரண்டு வயது மகன் இங்கிலாந்தில் பிறந்தவன், பெயர் அலெக்சாந்தர். நவம்பர் மாதத்தில் தந்தையின் கையில் இருந்தபடி நோர்வே வந்திறங்கிய அக்குழந்தைக்கு ஓலாவ் என்ற பெயர் சூட்டப்பட்டது.

குருதியால் டேனிஷ்காரன், பிறப்பால் இங்கிலாந்துக்காரன், பெயரால் நோர்வேஜியன். அந்தப் பெயருக்கு அவன் தகுதியானவனா என்ற கேள்விக்கு வாழ்க்கைதான் விடை சொன்னது. 1928 ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக்கில் பாய்மரப் படகோட்டத்தில் தங்கம் வென்றார். ஜேர்மன் ஆக்கிரமிப்புக் காலத்தில் தந்தையோடு நாடுகடந்து நின்று போராடி, 1945 மே 13இல் ஒஸ்லோ திரும்பினார். 1957இல் ஐந்தாம் ஓலாவ் ஆக அரியணை ஏறினார். 1973 எண்ணெய் நெருக்கடியின்போது வாரஇறுதியில் தனியார் வாகனங்கள் ஓடத் தடை இருந்தது. அப்போது மன்னர் சாதாரண பயணிபோல் புகையிரதத்தில் ஏறி, பயணச்சீட்டுக்குப் பணம் நீட்டிய புகைப்படத்தை அந்நாட்டில் அறியாதார் இல்லை. 1991 ஜனவரி 17இல் அவர் மறைந்தபோது, அரண்மனை முன்னால் பனியில் மக்கள் ஏற்றிவைத்த மெழுகுவர்த்திகள் இரவுபகலாக எரிந்தன.

ஒரு பெயரை எவரும் கைப்பற்றிக்கொள்ள முடியும் என்பதையும் சொல்லியாக வேண்டும். ஆக்கிரமிப்பாளருக்குத் துணைபோன குவிஸ்லிங்கின் கட்சி, புனித ஓலாவின் பெயரால் அழைத்த சிலுவையைத் தன் சின்னமாக்கியது. 1944இல் ஸ்டிக்லெஸ்டாட்டில் நினைவுத்தூணும் நாட்டியது. போர் முடிந்ததும் அத்தூண் அகற்றப்பட்டது. ஓலாவ் என்ற பெயர் நிலைத்தது. 2030இல் அப்போரின் ஆயிரமாண்டு நிறைவை அந்நாடு நினைவுகூரவிருக்கிறது.

இவற்றையெல்லாம் படித்தபோது என் மனதைத் தொட்டது வேறொன்று. நோர்வேயின் பழைய கிராமங்களில் மூத்த மகனுக்குத் தந்தைவழிப் பாட்டனின் பெயரையும், அடுத்தவனுக்குத் தாய்வழிப் பாட்டனின் பெயரையும் இடுவது வழக்கமாயிருந்தது. நாமும் அதைத்தானே செய்தோம்? பாட்டனின் பெயரைத் தாங்குபவன் என்பதாலேயே அவன் பெயரன். அதுவே பேரன் ஆயிற்று. யாழ்ப்பாண வழக்கில் பாட்டனையும் பேரன் என்றே சொல்வோம். இருவருக்கும் பெயர் ஒன்று. ஆகவே உறவுச்சொல்லும் ஒன்று.

தந்தை பெயரைத் தன் பெயரோடு சேர்ப்பதும் பொதுவானதே. 1996 முதல் 2016 வரை ஐஸ்லாந்தின் ஜனாதிபதியாயிருந்த ஓலாவுர் ரக்னர் கிரிம்சனின் இறுதிப் பெயர், கிரிமுரின் மகன் என்று சொல்வது மட்டுமே. நமது முதலெழுத்துப் போன்றதுதான். நோர்வேயில் 1923ஆம் ஆண்டுச் சட்டம் நிலையான குடும்பப் பெயரைக் கட்டாயமாக்கியதோடு அவ்வழக்கம் மங்கியது. அரை நூற்றாண்டின் பின், மக்கள் உயர்பள்ளிகளில் படிக்கவும் வடமுனையின் மீன் தொழிற்சாலைகளில் உழைக்கவும் சென்ற நம்மவர்களின் தந்தையர் பெயர்களும் அங்கே குடும்பப் பெயர்களாக உறைந்தன.

இவ்வளவையும் நண்பரிடம் சொன்னேன். 'முன்னோர் விட்டுச்சென்றது' என்ற பொருளைச் சொன்னபோது அவர் சற்று நேரம் பேசவில்லை.

"கருத்து நல்லதுதான். ஆனா ஐயாவின்ர பெயர் அது இல்லைத்தானே" என்றார்.

அவர் சொன்னது உண்மை. ஒரு பெயரின் பொருள் இன்னொரு பெயருக்கு ஈடாகாது. சாவகச்சேரியில் இறந்த மனிதரை ஸ்டிக்லெஸ்டாட்டில் இறந்த மன்னர் திருப்பித் தரமாட்டார். நான் மறுமொழி சொல்லவில்லை.

இரண்டு வாரம் கழித்து மீண்டும் அழைத்தார். குழந்தைக்குச் சாதகம் எழுதக் கொடுத்திருக்கிறாராம். பெயரைத் தமிழில் எப்படி எழுதுவது என்று சாத்திரியார் கேட்கிறாராம். ஓலாஃப், ஓலாவ், ஊலாவ் என்று மூவர் மூன்று விதமாகச் சொல்கிறார்களாம். 2002இல் செய்தி மேசையில் நடந்த அதே விவாதம். 'ஓலாவ்' என்று எழுதும்படி சொன்னேன். எழுதிக்கொண்டார். பிறகு, அதே கொப்பியில் குழந்தையின் பூட்டனார் பெயரையும், அவர் பிறந்த ஊரையும், இறந்த இடத்தையும் முழுமையாக எழுதி மகளுக்கு அனுப்பப் போவதாகச் சொன்னார்.

"பெடியன் ஒருநாளைக்குக் கேட்பான்தானே மச்சான், தன்ர ஆக்கள் ஆரெண்டு" என்றார்.