மேடையும் சிறையும் – 7: துண்டு கிடைக்காத வால்மீகி

தலவாக்கலைக்கும் தாகூருக்கும் பழைய உறவு ஒன்று உண்டு. 1934இல் அவர் இலங்கை வந்தபோது, மடக்கும்புர தோட்டத்தில் பிறந்த இளைஞர் சி.வி. வேலுப்பிள்ளை தாம் எழுதிய இசைநாடகத்தை அவரிடம் கையளித்தார். அதே சி.வி. 1947இல் தலவாக்கலைத் தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினரானார். அந்தத் தாகூரின் இசைநாடகம் ஒன்று சிறைக்குள் போன வரலாறுதான் இந்த வாரம்.

'வால்மீகி பிரதிபா' 1881இல் கல்கத்தா ஜோராசாங்கோ இல்லத்தில் அரங்கேறியது. இருபது வயது நிரம்பாத தாகூரே வால்மீகியாக நடித்தார். கொள்ளைக்கூட்டத் தலைவன் ஒருவன், பலிக்குக் கொண்டுவரப்பட்ட சிறுமியின் அழுகையில் மனமிளகிக் கவிஞனாகும் கதை அது.

2007இல் மேற்கு வங்கச் சிறைத்துறைத் தலைவர் பி.டி. சர்மாவின் அழைப்பில், நடனக் கலைஞர் அலகானந்தா ராய் கொல்கத்தா பிரசிடென்சி சிறைக்குள் போனார். கைதிகளுக்கு நடனம் பழக்கி, இதே நாடகத்தை மேடையேற்றினார். அவர்கள் அவரை 'மா' என்று அழைத்தார்கள். சிறைக்கு வெளியே அரங்குகளில், வேற்றூர்களிலும் ஆடினார்கள். எவரும் தப்பி ஓடவில்லை. நம்பிக்கை வைத்தால் மனிதன் அதைக் காப்பாற்றுவான் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

வால்மீகியாக ஆடியவர் நைஜல் அக்காரா. கடுமையான வழக்குகளில் சிக்கிச் சுமார் 9 ஆண்டுகள் சிறையில் கழித்தவர். 2009இல் விடுதலையானார். மேடையில் கைதட்டிய ஊர், வேலை கேட்டபோது கைவிரித்தது. சோர்ந்துவிடாமல் துப்புரவு, பராமரிப்புப் பணிகளுக்கான நிறுவனம் ஒன்றைத் தாமே தொடங்கி, தம்மைப் போலச் சிறை மீண்டவர்களுக்கும் வேலை கொடுத்தார். 2012இல் வெளிவந்த 'முக்தோதாரா' திரைப்படம் இந்தச் சிறை நாடகத்தின் கதை. அதில் நாயகனாக நடித்தவரும் அவரே.

வேலை கேட்டு நின்ற நைஜலின் நிலை மலையகத்தாருக்குப் புதியதல்ல. 1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டப்படி, முன்னறிவித்தல் கொடுக்காமல் வேலையை விட்டுப் போன தொழிலாளி குற்றவாளி, அவனுக்குச் சிறை. கங்காணிக்குப் பட்ட கடனை எழுதிய 'துண்டு' கையில் இல்லையென்றால் அடுத்த தோட்டத்தில் பேர் பதிய முடியாது. எத்தனையோ பேர் போராடி, சேர். பொன்னம்பலம் அருணாசலம் போன்றோர் குரல் கொடுத்து, 1921இல்தான் துண்டு முறை ஒழிந்தது. ஒரு காகிதம் மனிதனின் பிழைப்பை மறிப்பது எத்தகைய கொடுமை என்பதை நம் பாட்டன்மார் பட்டறிந்தார்கள். சிறை சென்றவன் என்ற பதிவும் இன்று அதே வேலையைத்தான் செய்கிறது.

நம் நாட்டுச் சிறைகளுக்கு இன்றும் அடிப்படை 1877ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டமே. கொள்ளளவை மீறி நிரம்பிய கூடங்களில் பெரும்பாலோர் தீர்ப்பே வராத விளக்கமறியல் கைதிகள். தண்டப்பணம் கட்ட வழியில்லாமல் உள்ளே போகும் ஏழைகளும் அவர்களோடு அடைபடுகிறார்கள். சட்டம் மாறவேண்டும், நெரிசல் குறையவேண்டும். கூடவே, தண்டனை முடித்து வருகிறவனுக்கு ஒரு தொழிலும் வேண்டும். முதல் இரண்டையும் அரசிடம் கேட்போம். மூன்றாவதை நம் ஊர்க் கடைக்காரரும், தோட்ட நிர்வாகமும், தொழிற்சங்கமும் நாளைக்கே தொடங்கலாம்.

(தொடரும்)