நாள் தவறிய எச்சரிக்கை

திருகோணமலைத் துறைமுகத்தின் ஆழத்தைப் புகழாத மாலுமி இல்லை. போர்த்துக்கேயர், ஒல்லாந்தர், பிரான்சியர், ஆங்கிலேயர் என்று பலரும் அதன்மேற் கண் வைத்தனர். எனினும் 1942ஆம் ஆண்டு ஏப்பிரில் மாதத்தில் அத்துறைமுகத்தின் விதியை நிர்ணயித்தவற்றுள் பீரங்கியோடு எண்களும் இருந்தன.

யப்பானியக் கடற்படையின் சங்கேத முறை எளிதானதன்று. ஒவ்வொரு சொல்லுக்கும் ஓர் ஐந்திலக்க எண் உண்டு. அதனோடு வேறொரு நூலிலுள்ள ஒழுங்கற்ற எண்ணொன்றைக் கூட்டுவர். கூட்டும்போது மிகுதியை அடுத்த இடத்துக்குக் கொண்டு செல்லார். 25647 என்பதனோடு 51432 சேர்ந்தால் 76079 ஆகும். வானொலியிற் கேட்கும் பகைவனுக்கு இறுதி எண் மட்டுமே தெரியும். ஆயின் ஒரு நுட்பம் அவர்களையே காட்டிக் கொடுத்தது. செய்தி பிழைபடாமற் சேர்ந்ததா என்று சோதிப்பதற்காக, மூல எண்கள் யாவும் மூன்றால் வகுபடுமாறு அமைக்கப்பட்டிருந்தன. தம்மவரின் வசதிக்காக வைத்த அவ்வடையாளமே மறைமொழி உடைப்போருக்கும் வழிகாட்டியாயிற்று.

சிங்கப்பூரிலிருந்து 1942 ஜனவரியில் கொழும்புக்கு வந்த பிரித்தானியச் சங்கேதப் பிரிவினர் ஒரு கல்லூரிக் கட்டடத்தில் இவ்வெண்களோடு மல்லாடினர். மார்ச் மாத இறுதியில், யப்பானிய விமானந்தாங்கிக் கப்பல்கள் ஏப்பிரில் 1ஆம் தேதியளவில் இலங்கையைத் தாக்கும் என்பதை அவர்கள் உணர்ந்தனர். கொழும்பின் பெயரையே எழுத்து எழுத்தாக அனுப்பிய செய்தியொன்றும் அவர்களுக்கு உதவியது.

தளபதி சோமர்வில் தம் கப்பல்களைத் திரட்டித் தெற்கே கடலிற் காத்து நின்றார். ஏப்பிரில் 1 கழிந்தது, 2உம் கழிந்தது. பகைவனைக் காணோம். பழைய போர்க்கப்பல்களிற் குடிநீர் குறைந்தது. செய்தி பொய்யெனக் கருதிய தளபதி, மாலைதீவின் அட்டுத் தீவுக்குப் படையைத் திருப்பினார். டோர்செட்சயர், கோர்ன்வால் என்னும் இரு கப்பல்களைக் கொழும்புக்கும், ஹெர்மிஸ் என்னும் விமானந்தாங்கிக் கப்பலைத் திருகோணமலைக்கும் அனுப்பினார்.

செய்தி பொய்யன்று, புறப்பாடே பின்தள்ளப்பட்டிருந்தது. நகுமோவின் படை செலிபீசை விட்டு நீங்கியது மார்ச் 26ஆம் தேதியன்றுதான். ஏப்பிரில் 4இல் பேர்ச்சல் என்னும் கனேடிய விமானி அதைக் கண்டு, தாம் வீழ்த்தப்படுமுன் தந்தி அனுப்பினார். மறுநாள் உயிர்த்த ஞாயிறு, கொழும்பு தாக்கப்பட்டது. அன்று பிற்பகலே கொழும்பை விட்டு நீங்கிய அவ்விரு கப்பல்களும் மூழ்கின.

எண்கள் சொன்னது உண்மை. நாள் மட்டுமே பிழைத்தது. இக்காலக் கணினி அறிஞர் இவ்விரண்டையும் தனித்தனியே காக்கின்றனர். பொருளை மறைப்பது ஒரு கலை. ஓர் ஆவணம் இன்ன வேளையில் இருந்தது என்று பிறர் ஐயுறாதபடி நிறுவுவது வேறொரு கலை. 1991ஆம் ஆண்டில் ஹேபர், ஸ்டோர்னெட்டா என்போர் அதற்கு ஒரு வழி காட்டினர். ஆவணத்தின் சுருக்க எண்ணை முந்திய ஆவணத்தின் எண்ணோடு பிணைத்துவிட்டால், இடையில் எதையும் செருகவோ நாளை மாற்றவோ இயலாது. நம் நொத்தாரிசுமார் உறுதிகளுக்குத் தொடரிலக்கமிட்டு, பிரதிகளை மாதந்தோறும் காணிப் பதிவகத்துக்கு அனுப்புவதும் ஏறத்தாழ இதே எண்ணத்தில்தான். ஆனால் அத்தகைய முத்திரையும் சோமர்விலைக் காத்திராது. செய்தி எழுதப்பட்ட வேளையை அது சொல்லும். பகைவன் மனம் மாறும் வேளையை எவ்வாறு சொல்லும்?

ஏப்பிரில் 8ஆம் தேதி பகைவன் மீண்டும் தென்பட்டான். அன்றிரவே ஹெர்மிஸ், வாம்பயர் என்னும் அவுஸ்திரேலியக் கப்பலோடு தெற்கே விரைந்தது. மறுநாட் காலை ஏழு மணியளவில் திருகோணமலைமீது குண்டுகள் விழுந்தன. சீனன்குடாவில் எண்ணெய்த் தாங்கியொன்று எரிந்தது. தன் விமானங்களைக் கரையில் விட்டிருந்த ஹெர்மிஸ், பாதுகாப்பு நாடித் திருகோணமலை நோக்கித் திரும்பிக்கொண்டிருந்தபோது மட்டக்களப்புக் கடலில் அகப்பட்டது. அரைமணி நேரத்துள் அது மூழ்கியது. 300க்கு மேற்பட்டோர் மாண்டனர். வாம்பயரும் மூழ்கியது. உயிர் பிழைத்தோரை வீற்றா என்னும் மருத்துவக் கப்பல் ஏற்றிக் கொழும்புக்குக் கொண்டு சென்றது.

சங்கேதப் பிரிவினர் அம்மாதமே ஆபிரிக்காவின் மொம்பாசாவுக்கு அனுப்பப்பட்டனர். 1943இல் அவர்கள் கொழும்புக்குத் திரும்பி வந்தனர்.