பிள்ளைகள் புத்தகத்துக்காக அச்சகம் வைத்தவர்: உபேந்திரகிஷோர் ராய்

கொல்கத்தாவில் குடியேறிய நமக்கு ராய் என்றால் சத்யஜித் ராய்தான். ‘பதேர் பாஞ்சாலி’யைப் பார்க்காதவர்கள்கூடப் பெயரைச் சொல்லிவிடுவார்கள். அவருடைய பாட்டனார் உபேந்திரகிஷோர் ராய் சௌத்ரியைப் பற்றி நம் வீடுகளில் அவ்வளவாகப் பேச்சு கிடையாது. வங்காளி வீட்டில் அப்படி இல்லை. பிள்ளைக்குச் சோறு ஊட்டுகிறபோதே அவர் சொன்ன கதைதான் ஓடும். கதை எழுதி, அதற்குப் படமும் தாமே போட்டு, அந்தப் படம் தாளில் சரியாக விழவேண்டும் என்பதற்காக ஒரு தொழிலையே கற்றுக்கொண்ட மனிதர் அவர். காகித வியாபாரத்தில் காலம் கழித்த எனக்கு இந்த மூன்றாவது விஷயம்தான் பெரிதாகப் படுகிறது.

1863-ஆம் ஆண்டு மே 12-இல் மைமன்சிங் ஜில்லா மசுவா கிராமத்தில் பிறந்தார். இன்று அது வங்கதேசத்தில் இருக்கிறது. பிறந்தபோது வைத்த பெயர் காமதாரஞ்சன். ஐந்து வயசு வாக்கில் ஜமீன்தாரான உறவினர் ஹரிகிஷோர் சுவீகாரம் எடுத்துக்கொண்டு, உபேந்திரகிஷோர் என்று பெயரை மாற்றினார். (கூடப்பிறந்த அண்ணன் சாரதாரஞ்சன், வங்காளத்தில் கிரிக்கெட்டை வளர்த்தவர்களில் முதன்மையானவர். அது தனிக் கதை.) கல்கத்தாவுக்கு வந்து 1884-இல் பி.ஏ. தேறினார். பிரம்ம சமாஜத்தில் சேர்ந்தார். துவாரகாநாத் கங்குலியின் மகளைக் கட்டினார். அந்த அம்மாளின் சிற்றன்னைதான் 1883-இல் பட்டம் பெற்று, பிற்பாடு டாக்டரும் ஆன காதம்பினி கங்குலி. வயலின், பக்கவாஜ், ஓவியம், வானசாஸ்திரம் என்று இவருக்குக் கை வைக்காத துறை இல்லை.

இப்போது விஷயத்துக்கு வருவோம். பிள்ளைகளுக்காக ராமாயணத்தை எளிய வங்காளியில் எழுதிப் படங்களும் வரைந்து கொடுத்தார். அந்த நாளில் படம் அச்சாக வேண்டுமென்றால் மரக்கட்டையில் செதுக்கும் ஆளிடம் போகவேண்டும். ஓவியன் மெல்லிசாக இழுத்த கோட்டை அவர் தம் உளிக்குத் தகுந்தபடி தடிப்பாக்கிவிடுவார். முகத்தில் இருக்கும் நிழல் போய்விடும். எங்கள் நயினார் வீடுகளில் ஏடு எழுதுவித்துக் கொடுப்பதை சாஸ்திர தானம் என்பார்கள். நகலெடுக்கிறவர் கை பிசகினால் மூலம் கெட்டது கெட்டதுதான். அதே கதைதான் இங்கேயும். புத்தகத்தில் விழுந்திருந்த படங்களைப் பார்த்து உபேந்திரகிஷோருக்கு மனசு ஒடிந்துபோயிற்று.

வேறொருவராக இருந்தால் செதுக்கிய ஆளைத் திட்டிவிட்டு அடுத்த வேலையைப் பார்த்திருப்பார். இவர் 1895-இல் இங்கிலாந்திலிருந்து காமிராவும் மற்ற கருவிகளும் தருவித்து, சொந்தக் கைப்பணத்தைப் போட்டு, ஹாஃப்டோன் பிளாக் செய்யும் தொழிலைத் தொடங்கினார். கற்றுக்கொடுக்க இங்கே ஆள் கிடையாது. எல்லாம் புத்தகத்தைப் பார்த்துப் படித்ததுதான்.

ஹாஃப்டோன் என்றால் என்ன என்று இளைய தலைமுறைக்குச் சொல்லவேண்டும். அச்சு மை கறுப்புதான். சாம்பல் நிறம் அதில் கிடையாது. அதனால் படத்தைப் பொடிப் புள்ளிகளாக்குகிறார்கள். பெரிய புள்ளி நெருங்கினால் இருட்டு, சின்னப் புள்ளி என்றால் வெளிச்சம். கோடுகள் குறுக்கும் நெடுக்குமாக ஓடும் ஒரு கண்ணாடியை, ஸ்கிரீன் என்பார்கள், காமிராவுக்குள் பிளேட்டுக்கு முன்னால் வைத்துப் படம் எடுத்தால் புள்ளிகள் விழும். அதைத் தாமிரத் தகட்டிலோ துத்தநாகத் தகட்டிலோ ஏற்றி, அமிலத்தில் அரித்தால் பிளாக். நான் தொழிலுக்கு வந்த காலத்தில்கூட, மரத்துண்டின் மேல் ஆணியடித்த பிளாக்குகள் லெட்டர்பிரஸ்களில் அலமாரி அலமாரியாகக் கிடக்கும்.

ஸ்கிரீனுக்கும் பிளேட்டுக்கும் இடையே எவ்வளவு தூரம் இருக்கவேண்டும்? இதில்தான் சூட்சுமம். ஒரு மயிரிழை மாறினாலும் புள்ளி கெடும். ஐரோப்பாவில் பலர் இதைக் கைப்பழக்கத்தில்தான் செய்துகொண்டிருந்தார்கள். உபேந்திரகிஷோர் கணக்குப் போட்டார். ஒளி எப்படி வளைந்து விழுகிறது என்று ஆராய்ந்து, ஸ்கிரீனைத் தானாகச் சரிசெய்யும் வழியையும், கோடுகள் 60 டிகிரியில் வெட்டிக்கொள்ளும் ஸ்கிரீனைப் பற்றியும் எழுதினார். 1897 முதல் லண்டன் பென்ரோஸ் ஆண்டு மலரில் இவர் கட்டுரைகள் வந்தன. அச்சுத் தொழிலில் அதற்கு மேல் ஒரு மேடை அந்தக் காலத்தில் கிடையாது. லண்டனுக்குப் போகாமலே, கல்கத்தாவில் உட்கார்ந்துகொண்டு செய்த காரியம் இது! ‘பிரபாசி’, ‘மாடர்ன் ரிவ்யூ’ பத்திரிகைகளில் வந்த வண்ணப்படங்களின் பிளாக்குகள் இவருடைய பட்டறையில் தயாரானவை.

இவ்வளவும் எதற்கு? பிள்ளைகள் பார்க்கும் படத்துக்கு. 1910-இல் ‘துன்துனிர் போய்’ வந்தது. துன்துனி என்றால் நம் தையல்சிட்டு. கிழக்கு வங்காளத்தில் ராச்சாப்பாட்டுக்கு முன்னால் பிள்ளைகள் தூங்கிவிடாமலிருக்கப் பெண்கள் சொல்லும் கதைகளைத் தொகுத்து எழுதினார். ராஜா வெயிலில் காயவைத்த காசில் ஒன்று சிட்டுக்குக் கிடைக்கிறது. ராஜாவிடம் இருப்பது என்னிடமும் இருக்கிறது என்று அது பாட, ராஜாவுக்குப் பொறுக்கவில்லை. பிடுங்கினால் பேராசைக்காரன் என்று பாடுகிறது, திருப்பிக் கொடுத்தால் பயந்துவிட்டான் என்று பாடுகிறது. கடைசியில் ராஜாவுக்கு மூக்கு போகிறது. ஒற்றைக் காசை வைத்துக்கொண்டு கஜானாக்காரனை ஆட்டிவைத்த கதை. வியாபாரிக்குச் சிரிப்பு வராமல் இருக்குமா?

1913-இல் ‘சந்தேஷ்’ மாதப் பத்திரிகை. சந்தேஷ் வங்காளிக்கு மிட்டாய், சமஸ்கிருதத்தில் செய்தி. நாம்கூட மேகசந்தேசம் என்கிறோமே, அதே சொல்தான். இனிப்பும் சேதியும் ஒரே பெயரில். எழுத்தும் படமும் பெரும்பாலும் அவரே. 1915-இல் அதில் எழுதிய கூபி, பாகா கதையைத்தான் பேரன் 1969-இல் சினிமா ஆக்கினார். மகன் சுகுமார் இங்கிலாந்து போய் அச்சுக்கலை படித்துத் திரும்பினார். கர்பார் சாலை 100-ஆம் எண்ணில் சொந்த வீடு, அதிலேயே அச்சகம், ‘யு. ராய் அண்ட் சன்ஸ்’ என்று பெயர். எல்லாம் கூடிவந்த நேரத்தில், 1915 டிசம்பர் 20-இல், 52 வயசில் உபேந்திரகிஷோர் காலமானார்.

சுகுமார் பத்திரிகையை நடத்தினார், தாமும் எழுதி வரைந்தார். காலா அசார் காய்ச்சல் கண்டு, 1923 செப்டம்பர் 10-இல் 35 வயசில் அவரும் போனார். படுக்கையில் கிடந்தபடியே தயார் செய்த ‘ஆபோல் தாபோல்’ ஒன்பதாவது நாள் வெளிவந்தது. அப்போது சத்யஜித்துக்கு இரண்டரை வயசுகூட ஆகவில்லை. சில வருஷங்களில் கம்பெனியும் வீடும் கைவிட்டுப் போயின. பிள்ளைப் புத்தகத்துக்கு இவ்வளவு செலவழித்ததால்தான் தொழில் மூழ்கியது என்று சொல்லலாமா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. தொழில் தெரிந்த இரண்டு பேர் எட்டு வருஷத்துக்குள் அடுத்தடுத்துப் போய்விட்டால் எந்தக் கடையும் நிற்காது.

கர்பார் வீட்டில் பின்னாளில் ஒரு பள்ளிக்கூடம் வந்தது. ‘சந்தேஷ்’ 1961-இல் சத்யஜித், கவிஞர் சுபாஷ் முகோபாத்யாய் கைகளில் மறுபடி உயிர்பெற்றது. நம் பிள்ளைகள் விரும்பும் ஃபெலுடா 1965-இல் முதலில் வந்தது அதில்தான்.

துன்துனி புத்தகம் காலேஜ் ஸ்ட்ரீட்டில் இன்றும் கிடைக்கும். காப்புரிமைக் காலம் எப்போதோ முடிந்துவிட்டதால் பலரும் போடுகிறார்கள். வாங்குகிறபோது விலையைப் பார்க்கிற மாதிரியே படத்தையும் பிரித்துப் பாருங்கள். மட்டத் தாளில் அடித்த ஒன்றிரண்டு மலிவுப் பதிப்புகளில் மை அப்பி, சிட்டின் கண் தெரியவில்லை.