தெரேசாவின் பரவசமும் தணிக்கையும்: ஒரு குறும்படத்தின் வரலாறு

உரையாடல் அற்ற, ஏறத்தாழ 18 நிமிடங்களே ஓடும் ஒரு குறும்படம் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் வரை சென்றது. இங்கிலாந்தில் நைஜல் விங்குரோவ் 1989இல் உருவாக்கிய 'விஷன்ஸ் ஆஃப் எக்ஸ்டஸி' என்னும் சோதனை முயற்சிப் படமே அது. ஸ்பானியத் துறவி அவிலா தெரேசா (1515-1582) அடைந்த பரவசநிலை இதன் பொருள். சிலுவையோடு கிடத்தப்பட்ட கிறித்துவின் காயங்களைத் துறவி முத்தமிடுவதும் அவ்வுடல் அதற்கு இசைவதும் சிக்கலுக்குக் காரணமான காட்சிகள்.

பிரித்தானியத் திரைப்படத் தணிக்கை வாரியம் அவ்வாண்டே சான்றிதழ் மறுத்தது. மறுப்பின் காரணம் ஊன்றி நோக்கத்தக்கது. பாலுணர்வைக் காட்டியமை குற்றமன்று. அந்த ஆண் உருவம் கிறித்துவாக இல்லாதிருப்பின் சிக்கலே எழுந்திராது என்பது வாரியத்தின் நிலைப்பாடு. மேல்முறையீட்டுக் குழு மூவருக்கு இருவர் என்ற பெரும்பான்மையில் இதனை ஏற்றது. தெய்வநிந்தனை வழக்கில், நிந்திக்கும் நோக்கம் இருந்ததென மெய்ப்பிக்க வேண்டுவதில்லை என 1979இலேயே பிரபுக்கள் அவை தீர்ப்பளித்திருந்தது. எனவே, துறவியின் அகக்காட்சியையே படமாக்கினேன் என்னும் விளக்கம் இயக்குநருக்குக் கைகொடுக்கவில்லை.

இவ்விடத்தில் தெரேசாவின் தன்வரலாற்றை நினைத்தல் தகும். வானதூதன் ஒருவன் நெருப்பு முனையுடைய ஈட்டியால் தம் நெஞ்சைத் துளைத்ததையும், அவ்வலியின் இனிமையையும் அவரே அதில் விவரித்துள்ளார். 1575இல் சமய விசாரணை மன்றத்திடம் சென்ற அந்நூல், அவர் மறைவுக்குப் பின்னர் 1588இல்தான் அச்சேறியது. 1622இல் அவர் புனிதராக அறிவிக்கப்பட்டார். அதே காட்சியைப் பெர்னினி 1647-1652 காலத்தில் பளிங்கில் வடித்தார். அச்சிற்பம் இன்றும் உரோம் நகரத் தேவாலயம் ஒன்றில் வழிபாட்டிடத்திலேயே உள்ளது. நாயக-நாயகி பாவத்தில் பயின்ற தமிழ் வாசகருக்கு இம்மொழி புதிதன்று. (ஆயினும் இரண்டையும் ஒன்றெனக் கொள்ளுதல் பிழையாகும்.) ஆகவே, காமத்தின் மொழியைக் கிறித்தவ மரபு அறவே விலக்கியதாகக் கூற இயலாது. அம்மொழி துறவியின் வாய்மொழியாக, அக அனுபவமாக நிற்கும்வரை ஏற்றது. விங்குரோவின் படத்திலோ இறைவனின் உடலும் மறுமொழி தருகிறது. எல்லை மீறப்பட்டதாகக் கருதப்பட்ட இடம் இதுவே என்பது என் கருத்து.

1996 நவம்பர் 25 அன்று ஐரோப்பிய நீதிமன்றம், தடை கருத்துரிமை மீறல் அன்று என 7-2 எனத் தீர்ப்பளித்தது. பிரித்தானியச் சட்டம் கிறித்தவத்தை மட்டுமே காத்தது என்ற குறையை அது சுட்டியதேயன்றி, அதன்மீது தீர்ப்புக் கூறவில்லை. இங்கிலாந்திலும் வேல்ஸிலும் தெய்வநிந்தனைக் குற்றம் 2008இல் நீக்கப்பட்டது. 2012இல் அதே வாரியம், வெட்டு ஏதுமின்றி, 18 வயது நிரம்பியோருக்கான சான்றிதழை அப்படத்திற்கு வழங்கியது.